சவேலா வர்காஸ்: அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

மெக்சிகோவின் ராஞ்செரா பாட்டுகளை இப்போதுதான் கேட்க ஆரம்பித்தவர்கள் சீக்கிரமே இந்தப் பெயரில் வந்து நிற்பார்கள். அப்புறம் கேள்விகள் வரிசையாக வரும். பெரும்பாலும் ஒரே கேள்விகள்தான், அதனால் பதில்களை ஒரே இடத்தில் எழுதி வைக்கிறேன்.

யார் இந்த சவேலா வர்காஸ்?

1919 ஏப்ரல் 17 அன்று கோஸ்டா ரிகாவில் பிறந்து, மெக்சிகோவில் பாடி வாழ்ந்து, 2012 ஆகஸ்ட் 5 அன்று 93 வயதில் அங்கேயே இறந்த பாடகி. இயற்பெயர் இசபெல் வர்காஸ் லிசானோ. இசபெல் என்ற பெயருள்ளவர்களை மெக்சிகோவில் செல்லமாகச் சவேலா என்று கூப்பிடுவார்கள். சிவப்புப் பொன்சோ என்ற போர்வை, வாயில் சுருட்டு, கையில் டெக்கீலா என்ற மெக்சிக மது, ஒற்றை கிடார், கரகரத்த குரல். படத்தில் பார்க்கிறவர்களுக்கு இவைதான் முதலில் தெரியும். ஆண்களின் சொத்தாக இருந்த ராஞ்செரா பாட்டுகளை எடுத்து, அவற்றிலிருந்த திருவிழாச் சத்தத்தைக் கழற்றிவிட்டு, துக்கத்தை மட்டும் வைத்துக்கொண்டு பாடியவர்.

கோஸ்டா ரிகாவில் பிறந்தவரை மெக்சிகோ பாடகி என்று சொல்லலாமா?

இதே கேள்வியை ஒரு பத்திரிகையாளர் அவரிடமே கேட்டிருக்கிறார். மெக்சிகர்கள் தங்களுக்கு எங்கே பிடிக்கிறதோ அங்கே பிறப்பார்கள் என்று, நடுவில் ஒரு கெட்ட வார்த்தையும் சேர்த்துப் பதில் சொன்னார். மெக்சிகர்கள் இன்றும் அந்தப் பதிலை மேற்கோள் காட்டி மகிழ்கிறார்கள்.

அவர் பிறந்தது எரேதியா மாகாணத்தில் சான் ஹொவாக்கின் தே ஃப்ளோரெஸ் என்ற ஊர். குழந்தைப்பருவத்தைப் பற்றி அவர் நல்லதாக எதுவுமே சொன்னதில்லை. பெற்றோர் பிரிந்துவிட்டார்கள்; இவர் உறவினர் வீட்டில் வளர்ந்தார். பையன் மாதிரித் திரிந்த பெண் என்பதால் வீட்டுக்கு விருந்தாளி வந்தால் இவரை மறைத்துவைப்பார்களாம். பதின்ம வயதிலேயே தனியாக மெக்சிகோவுக்குக் கிளம்பினார். கிடைத்த வேலையெல்லாம் செய்தார், தெருவில் பாடினார். தொழிலாகப் பாட ஆரம்பிக்கும்போது முப்பது வயதுக்கு மேல் ஆகிவிட்டது. பின்னாளில் குடியுரிமையும் மெக்சிகோவுடையதுதான். கோஸ்டா ரிகா ரொம்பத் தாமதமாகத்தான் அவரைக் கொண்டாட ஆரம்பித்தது. அவரும் அந்த ஊரைக் கடைசிவரை மன்னிக்கவில்லை என்றே எனக்குத் தோன்றுகிறது.

ராஞ்செரா என்றால் எப்படிப்பட்ட பாட்டு?

ராஞ்சோ என்பது மெக்சிகோவின் கிராமத்துப் பண்ணை. அந்தப் பண்ணை வாழ்க்கையிலிருந்து வந்த பாட்டு ராஞ்செரா. ஆனால் அது பேர் வாங்கியது நகரத்தில்தான். 1910இல் தொடங்கிய மெக்சிகப் புரட்சி நாட்டையே புரட்டிப் போட்டது. அதற்குப் பின்வந்த காலத்தில் கிராமத்து மக்கள் கூட்டங்கூட்டமாக மெக்சிகோ நகரத்துக்கு வந்தார்கள். விட்டுவந்த ஊரை நினைத்து ஏங்குகிறவர்களுக்கு இந்தப் பாட்டு தேவைப்பட்டது. 1930இல் எக்ஸ்.ஈ.டபிள்யூ. வானொலி ஒலிபரப்பைத் தொடங்கியது. 1936இல் 'ஆயா என் எல் ராஞ்சோ கிராந்தே' என்ற படம் வந்து பெரிய வெற்றி பெற்றது. அதன்பிறகு அகலத் தொப்பி, வெள்ளிப் பொத்தான் வைத்த இறுக்கமான உடை, குதிரை, துப்பாக்கி, பாட்டு என்று ஒரு சினிமா வகையே உருவானது. ஹோர்ஹே நெக்ரெத்தே, பெத்ரோ இன்ஃபாந்தே போன்ற நாயகர்கள் அதில் வந்தவர்கள்.

இசைக்கு மரியாச்சிக் குழு. வயலின்கள், எக்காளங்கள், கிடார், விகுவேலா என்ற சின்னக் கிடார், கிதாரோன் என்ற பெரிய வயிற்றுக் கிடார். தாளம் வால்ட்ஸாக இருக்கலாம், போல்காவாக இருக்கலாம், மெதுவான பொலேரோவாகவும் இருக்கலாம். பாட்டின் நடுவே அழுகையா சிரிப்பா என்று பிரிக்க முடியாத ஒரு நீண்ட கூவல் வரும். மேடையில் இருப்பவர் மட்டுமில்லை, கேட்கிறவர்களும் கூவுவார்கள். பாடுபொருள் பெரும்பாலும் விட்டுப்போன காதலி, துரோகம், குடி, மானம், சொந்த ஊர். இதையெல்லாம் சொல்கிறவன் பெரும்பாலும் ஓர் ஆண்.

சவேலாவின் பாட்டில் மரியாச்சியே இல்லையே. அப்போது அது ராஞ்செராதானா?

பாட்டு ராஞ்செராதான், பாடும் முறைதான் வேறு. அவருடைய முதல் இசைத்தட்டு 'நோச்சே தே பொஹேமியா' 1961இல் வந்தது. அதில் அவர் குரலோடு சேர்ந்து வருவது அன்டோனியோ ப்ரிபியெஸ்காவின் கிடார். ப்ரிபியெஸ்கா அந்தக் காலத்தின் பெரிய வாசிப்பாளர், ஆனால் பாடுகிறவரை முந்திக்கொண்டு ஓடமாட்டார். எக்காளம் போய்விட்டது, வயலின் போய்விட்டது. போல்காவின் துள்ளலும் போய்விட்டது. எல்லாம் போனபிறகு, அதுவரை சத்தத்துக்கு நடுவே வீரமாகக் கேட்ட அதே வரிகள் திடீரென்று ஒரு மனிதரின் புலம்பலாகக் கேட்கின்றன.

வேகத்தையும் அவர் குறைத்தார். ஒரு வரி முடிந்ததும் அடுத்த வரிக்கு முன்னால் நீண்ட இடைவெளி விடுவார். வயது ஆக ஆக அந்த இடைவெளியும் நீண்டது. சில வரிகளைப் பாடாமல் பேசிவிடுவார். காதோடு சொல்வதுபோல் ஆரம்பித்து, எதிர்பார்க்காத இடத்தில் தொண்டை கிழியக் கத்துவார். அப்போது இரண்டு கைகளும் தானாக விரியும். நன்றாக வாய்த்த இரவுகளில் இதற்கு நிகரே இல்லை. வாய்க்காத பதிவுகளில் கொஞ்சம் நாடகத்தனமாக இருக்கும் என்பதையும் சொல்லத்தான் வேண்டும்.

அவருக்கு முன்பு பெண்கள் ராஞ்செரா பாடவில்லையா?

பாடினார்கள், பிரமாதமாகப் பாடினார்கள். லூச்சா ரெயெஸ் 1930களிலேயே முரட்டுத் தொண்டையில் பாடி வழி போட்டவர். 1944இல் 38 வயதில் இறந்துவிட்டார். லோலா பெல்த்ரான், அமாலியா மெந்தோசா எல்லாம் சவேலாவின் காலத்தில் கொடிகட்டிப் பறந்தவர்கள். இசைத்தட்டு விற்பனையிலும் சினிமாப் புகழிலும் சவேலா அவர்களுக்குப் பின்னால்தான். 1960களின் மெக்சிகோவில் அவர் பாடகர்களும் எழுத்தாளர்களும் ஓவியர்களும் இரவில் தேடிப் போகும் பாடகியாக இருந்தார். வானொலியை வைத்துக்கொண்டு வீட்டுவேலை செய்கிற பெண்மணி கேட்டது லோலாவைத்தான்.

ஏன் ஆண் உடை?

அன்றைய பாடகிகளுக்கு ஒரு சீருடை இருந்தது. நீளப் பாவாடை, பின்னல், ரிப்பன், உதட்டுச் சாயம், குதிகால் செருப்பு. சவேலாவும் ஆரம்பத்தில் முயன்று பார்த்ததாகவும், அந்த உடையில் தான் வேஷம் போட்ட ஆள் மாதிரி இருந்ததாகவும் சொல்லியிருக்கிறார். பிறகு எல்லாவற்றையும் விட்டுவிட்டுக் கால்சட்டை மாட்டினார். முகத்தில் சாயம் இல்லை, முடியை இழுத்துக் கட்டிக்கொண்டார், மேலே பொன்சோ. 1950களில் மெக்சிகோவில் ஒரு பெண் கால்சட்டை போட்டு மேடையேறுவது சாதாரண விஷயம் இல்லை. இடுப்பில் துப்பாக்கியோடு திரிந்ததும் உண்டு.

பொன்சோவுக்கு இன்னொரு பக்கமும் இருக்கிறது. அது மெக்சிகோவின் ஏழைகளும் பழங்குடியினரும் குளிருக்குப் போர்த்துகிற துணி. சினிமா நாயகர்கள் போட்ட வெள்ளிப் பொத்தான் உடைக்குச் சார்ரோ உடை என்று பெயர்; அது பணக்காரப் பண்ணையாரின் உடை. ராஞ்செரா பாடகர்கள் எல்லாரும் பண்ணையாராக வேடமிட்டபோது இவர் பண்ணையில் வேலை செய்கிறவரின் போர்வையில் வந்து நின்றார். யோசித்துச் செய்தாரா, சௌகரியத்துக்காகவா, எப்படியானாலும் மேடையில் அந்த வித்தியாசம் பளிச்சென்று தெரிந்தது.

பெண்ணைப் பார்த்துப் பாடும் காதல் பாட்டுகளை வரி மாற்றாமல் பாடினாராமே?

ஆமாம், அவரைப் பற்றி எழுதுகிறவர்கள் எல்லாரும் இதைச் சொல்வார்கள். ஸ்பானிய மொழியில் காதலிக்கப்படுவது ஆணா பெண்ணா என்பது அநேகமாக வரியிலேயே தெரிந்துவிடும். ஆண் எழுதி ஆண் பாடிய பாட்டைப் பெண் பாடும்போது அந்த இடங்களை மாற்றிக்கொள்வது வழக்கம். சவேலா மாற்றவில்லை. பாட்டில் 'அவள்' என்றால் அவருக்கும் அவள்தான்.

இதை மட்டும் வைத்துப் புரட்சி என்று எழுதுவது கொஞ்சம் அவசரம். தொமாஸ் மெந்தெஸ் எழுதிய 'பலோமா நெக்ரா' என்ற பாட்டையே எடுத்துக்கொள்ளலாம். இரவெல்லாம் வீடு திரும்பாத காதலியைக் கறுப்புப் புறா என்று அழைத்துக் கதறுகிற பாட்டு. அதை மற்றப் பெண் பாடகிகளும் பாடியிருக்கிறார்கள், யாரும் முகம் சுளிக்கவில்லை. அவர்கள் பாடும்போது அது ஒரு புகழ்பெற்ற பாட்டு. சவேலா பாடும்போது அது யாரோ ஒரு குறிப்பிட்ட பெண்ணுக்காகக் காத்திருந்த இரவின் கணக்கு என்று கேட்கிறவர்களுக்குப் புரிந்தது. மேடையில் நின்ற ஆளும் பாட்டில் பேசுகிற ஆளும் ஒருவரேதான் என்பதில் அவர்களுக்குச் சந்தேகம் வரவில்லை.

'மகோரினா' இன்னும் வெளிப்படை. ஸ்பெயினின் அஸ்தூரியாவைச் சேர்ந்த கவிஞர் அல்ஃபோன்சோ காமின் எழுதிய கவிதைக்குச் சவேலாவே மெட்டுப் போட்டார். கூபாவின் அவானாவில் வாழ்ந்த ஒரு பெண்ணைப் பற்றிய கவிதை அது. 'இங்கே கையை வை, மகோரினா' என்று திரும்பத் திரும்ப வரும். அதைப் பாடும்போது சவேலாவின் கை எங்கே போகும் என்று பார்ப்பதற்காகவே கூட்டம் வந்ததாகச் சொல்வார்கள்.

ஹொசே அல்ஃப்ரெதோ ஹிமேனெஸுக்கும் இவருக்கும் என்ன உறவு?

குடித்தோழர்கள். அதைவிடச் சரியான சொல் இருப்பதாகத் தெரியவில்லை.

ஹிமேனெஸ் 1926இல் தொலோரெஸ் இதால்கோ என்ற ஊரில் பிறந்தவர். ராஞ்செரா எழுதியவர்களில் அவரை மிஞ்ச ஆள் இல்லை. எந்த வாத்தியமும் வாசிக்கத் தெரியாது, இசைக்குறிப்பும் எழுதத் தெரியாது. மெட்டை விசிலடித்தும் முணுமுணுத்தும் காட்டுவார். ரூபென் ஃபுவெந்தெஸ் போன்றவர்கள் அதை எழுதி இசையமைப்பார்கள். சவேலாவின் திறமையைப் பார்த்து அவரைத் தூக்கிவிட்டவர்களில் முக்கியமானவர் ஹிமேனெஸ். மெக்சிகோ நகரத்தில் கரிபால்தி சதுக்கம் என்று ஒன்று உண்டு. மரியாச்சிக் குழுக்கள் இரவில் வாடகைக்குக் காத்திருக்கும் இடம். அங்குள்ள தெனாம்பா மதுக்கடையில் இருவரும் நாள்கணக்கில் உட்கார்ந்திருப்பார்களாம்.

1973 நவம்பரில், 47 வயதில், கல்லீரல் கெட்டு ஹிமேனெஸ் இறந்தார். உடலை வைத்திருந்த இடத்துக்குச் சவேலா குடித்துவிட்டு வந்து தரையில் உட்கார்ந்து பாட ஆரம்பித்தார் என்றும், அப்புறப்படுத்த வந்தவர்களை ஹிமேனெஸின் மனைவியே தடுத்து, தன்னளவுக்கு அவரும் வேதனைப்படுகிறார், விடுங்கள் என்றார் என்றும் ஒரு கதை உண்டு. சவேலா கடைசிவரை பாடிய பாட்டுகளில் பெரும்பங்கு ஹிமேனெஸுடையவை. 'உன் முன்தோ ராரோ', 'என் எல் ஊல்த்திமோ த்ராகோ' இரண்டையும் ஹிமேனெஸ் குரலிலும் சவேலா குரலிலும் அடுத்தடுத்துக் கேட்டுப் பாருங்கள். மேலே மரியாச்சி பற்றி எழுதியது முழுக்க அதில் கிடைக்கும்.

ஃப்ரீடா காலோவின் காதலியா?

இந்தக் கேள்விதான் அதிகம் வருகிறது. மெக்சிகோ நகரத்தின் கோயோஅகான் பகுதியில், ஓவியர் ஃப்ரீடாவும் அவர் கணவர், ஓவியர் தியேகோ ரிவேராவும் வாழ்ந்த நீல வீட்டில் இளம் சவேலா சில காலம் தங்கியிருந்தார். இருவரும் சேர்ந்து சிரிக்கிற புகைப்படமும் இருக்கிறது. தங்களுக்குள் காதல் இருந்தது என்று பிற்காலத்தில் சவேலா சொன்னார். ஃப்ரீடா 1954இலேயே இறந்துவிட்டதால் மறுக்கவோ ஒத்துக்கொள்ளவோ அவர் இல்லை. சவேலாவைப் பற்றி ஃப்ரீடா எழுதியதாக ஒரு கடிதம் இணையத்தில் சுற்றுகிறது. அதை நான் ஆதாரமாக எடுத்துக்கொள்ளமாட்டேன்.

எனக்கு இதில் ஒரு வருத்தம் உண்டு. அறுபது வருடம் பாடிய ஒருவரைப் பற்றிய கட்டுரைகளில் பாதி இடம் இந்தச் சில காலத்துக்குப் போய்விடுகிறது. ஃப்ரீடா படம் போட்ட பைகள் விற்கிற காலத்தில் அது நடக்கத்தான் செய்யும்.

அவர் சொன்ன கதைகளை நம்பலாமா?

அளவோடு நம்பலாம். சிறுவயதில் போலியோ வந்ததென்றும் பழங்குடி வைத்தியர்கள் குணப்படுத்தினார்கள் என்றும் சொன்னார். அகாபுல்கோவில் ஹாலிவுட் ஆட்கள் வந்துபோகிற இடங்களில் பாடிய காலத்தைப் பற்றி ஏகப்பட்ட கதைகள். 1957இல் அங்கே நடந்த எலிசபெத் டெய்லர் திருமணத்தில் பாடினாராம். மறுநாள் காலை கண்விழித்தபோது பக்கத்தில் நடிகை ஏவா கார்ட்னராம். தான் குடித்தது 45,000 லிட்டர் டெக்கீலா என்றும், இன்னமும் தன் கல்லீரலைத் தானம் செய்யலாம் என்றும் சொல்வார். கணக்குப் போட்டால், தினம் ஒரு லிட்டர் வீதம் குடித்தாலும் 120 வருடத்துக்கு மேல் ஆகும்!

வெவ்வேறு பேட்டிகளில் ஒரே சம்பவத்துக்கு வெவ்வேறு வயது சொல்லியிருக்கிறார். மேடையில் நிற்கிற மாதிரியேதான் பேட்டியிலும் உட்கார்ந்திருப்பார். தேதி வேண்டுமென்றால் இசைத்தட்டு உறைகளையும் நிகழ்ச்சிப் பதிவுகளையும் பார்ப்பது நல்லது.

குடி அவரை எவ்வளவு கெடுத்தது?

நிறையவே. டெக்கீலா கதைகளைக் கேட்டுச் சிரிக்கிறவர்கள் அடுத்த பகுதியையும் தெரிந்துகொள்ள வேண்டும். 1970களின் பிற்பகுதியில் அவரால் ஒழுங்காக மேடைக்கு வர முடியவில்லை, கூப்பிடுவதையும் நிறுத்திவிட்டார்கள். பாட்டை விட்டு ஒதுங்கிப் பத்து வருடத்துக்கு மேல் மொரேலோஸ் மாநிலத்தின் ஊர்களில் கிடந்தார். கையில் காசு இல்லை. இசைத்தட்டுகள் விற்றுக்கொண்டிருந்தபோதும் அவருக்குப் பெரிதாக ஒன்றும் வந்து சேரவில்லை. கூட இருந்தவர்கள் அவருடைய கோபத்தையும் துப்பாக்கியையும் அனுபவித்தார்கள் என்பதை 2017இல் வந்த 'சவேலா' ஆவணப்படத்தில் அவர்களே பேசுகிறார்கள். அன்பாகத்தான் பேசுகிறார்கள், ஆனால் பூசி மெழுகவில்லை.

இந்தக் காலத்தில் அவர் செத்துவிட்டார் என்றே மெக்சிகோவில் பலரும் நினைத்திருந்தார்கள்.

எப்படித் திரும்பி வந்தார்?

குடியைத் தானாகவே நிறுத்தியதாகச் சொன்னார். 1991இல் கோயோஅகானில் 'எல் ஆபித்தோ' என்ற சின்ன அரங்கில் மறுபடி பாடினார். நாடகக் கலைஞர் ஹெசூசா ரோத்ரிகெஸும் இசையமைப்பாளர் லிலியானா ஃபெலிப்பேயும் நடத்திய இடம் அது. அரசியல் கிண்டல் நாடகங்களுக்குப் பெயர் போனது. அவருக்கு வயது 72. அதுவரை குடிக்காமல் மேடையேறிப் பழக்கமே இல்லாதவர்.

ஸ்பெயினைச் சேர்ந்த பதிப்பாளர் மனுவேல் அர்ரோயோ அங்கே அவரைக் கேட்டுவிட்டு மாட்ரிட்டுக்கு அழைத்துப் போனார். மாட்ரிட்டில் சாலா கராகோல் என்ற அரங்கில் நடந்த நிகழ்ச்சிதான் திருப்பம். ஃபிராங்கோவின் சர்வாதிகாரம் முடிந்து வளர்ந்த ஒரு தலைமுறை அங்கே உட்கார்ந்திருந்தது. எழுபது தாண்டிய, நரைத்த, எதற்கும் மன்னிப்புக் கேட்காத ஒரு பெண்ணைப் பார்த்ததும் அவர்கள் விடவில்லை. மெக்சிகோ மறந்த பாடகியை ஸ்பெயின் கண்டெடுத்துக் கொடுத்தது என்று சொல்வது மெக்சிகர்களுக்குப் பிடிக்காது. எல் ஆபித்தோவின் மேஜைகளை நிரப்பியவர்களும் மெக்சிகர்கள்தானே என்பார்கள். அதிலும் நியாயம் இருக்கிறது.

இயக்குநர் அல்மொதோவாருக்கு இதில் என்ன பங்கு?

ஸ்பெயினின் சினிமா இயக்குநர் பெத்ரோ அல்மொதோவார் சவேலாவின் ரசிகர், நண்பர், விளம்பரதாரர் எல்லாமே. தன் படங்களில் அவர் குரலை வைத்தார். 'கீகா'வில் 'லூஸ் தே லூனா' வரும். 'லா ஃப்ளோர் தே மி செக்ரெத்தோ'வில், கணவனோடு எல்லாம் முடிந்துபோன பெண் ஒரு மதுக்கடைக்குள் நுழைகிறாள். அங்கே தொலைக்காட்சியில் சவேலா பாடிக்கொண்டிருப்பார். 'கார்னே த்ரேமுலா'விலும் அவர் பாட்டு உண்டு. மாட்ரிட்டில் பலமுறை மேடையில் அவரை அறிமுகம் செய்துவைத்தது அல்மொதோவார்தான். பாரிஸின் ஒலிம்பியா அரங்கில் சவேலா பாட வேண்டும் என்று கதவைத் தட்டியதும் அவரே. சவேலாவுக்குப் போதுமான அளவு பெரிய மேடை இந்த உலகத்தில் இல்லை என்று எழுதியவர்.

ஸ்பானியப் பாடகர் ஹொவாக்கின் சபீனாவும் நெருங்கிய நண்பர். 1994இல் அவர் சவேலாவுக்காகவே ஒரு பாட்டை வெளியிட்டார். உடைந்த கனவுகளின் சாலையில் ஒரு பொன்சோ அணிந்த பெண்மணி வசிக்கிறாள் என்று போகும் அந்தப் பாட்டு ஸ்பெயினில் எல்லாருக்கும் தெரியும்.

தன்பால் ஈர்ப்பை எப்போது வெளிப்படையாகச் சொன்னார்?

80 வயதைத் தாண்டிய பிறகு. 2002இல் வெளிவந்த தன்வரலாற்றிலும் அந்தச் சமயத்துப் பேட்டிகளிலும். அவரைத் தெரிந்த யாருக்கும் அது செய்தி இல்லை. நாற்பது வருடமாக எல்லாருக்கும் தெரியும், யாரும் பெயர் சொல்லிக் கேட்கவில்லை. மெக்சிகோவில் அப்படி ஒரு ஏற்பாடு இருந்தது: எதையும் செய், சொல்லாதே. அவர் மேடையில் அதைச் சொல்லிக்கொண்டேதான் இருந்தார், பேட்டியில் மட்டும் தாமதமாகச் சொன்னார்.

என்னென்ன விருதுகள்?

2000இல் ஸ்பெயின் அரசு கத்தோலிக்க அரசி இசபெல் பெயரிலான உயர் விருதைத் தந்தது. 2007இல் லத்தீன் கிராமி அமைப்பின் வாழ்நாள் சாதனை விருது. விருதுகளைவிட 2003 செப்டம்பரில் நியூயார்க்கின் கார்னகி அரங்கில் பாடியது பெரிய விஷயம். 84 வயதில் முதல் தடவையாக அந்த மேடை. அதன் பதிவு இசைத்தட்டாகக் கிடைக்கிறது.

ஏதோ ஒரு ஹாலிவுட் படத்தில் பார்த்த ஞாபகம்...

2002இல் வந்த 'ஃப்ரீடா'வாக இருக்கும். சல்மா ஹயெக் ஃப்ரீடாவாக நடித்த படம். மதுக்கடையில் உட்கார்ந்து குடிக்கும் ஃப்ரீடாவுக்கு எதிரே கறுப்பு உடையில் ஒரு கிழவி தோன்றி 'லா யொரோனா' பாடுவார். அந்தக் கிழவி சவேலாதான், மரணத்தின் உருவமாக வருகிறார். 2006இல் வந்த 'பாபெல்' படத்தின் இசைத்தொகுப்பிலும் அவர் குரல் உண்டு.

'லா யொரோனா'வைப் பிக்ஸாரின் 'கோகோ'வில் கேட்டவர்கள் நம்மிடையே நிறையப் பேர் இருப்பார்கள். அங்கே அது துள்ளலாக வரும். ஓஹாக்கா மாநிலத்தின் தெவான்தெபெக் பகுதியிலிருந்து வந்த பழைய நாட்டுப்பாட்டு அது. கறாராகச் சொன்னால் ராஞ்செரா இல்லை. பிள்ளைகளை ஆற்றில் மூழ்கடித்துவிட்டு அழுதுகொண்டே அலையும் பெண்ணின் ஆவியைப் பற்றிய கதையிலிருந்து வந்த பெயர். எழுதியவர் பெயர் கிடையாது, வரிகளும் ஏராளம். ஒவ்வொரு பாடகரும் தனக்குப் பிடித்த வரிகளைப் பொறுக்கிக்கொள்வார். 'கோகோ'வில் கேட்டுவிட்டு உடனே சவேலாவைக் கேட்டால் இரண்டும் ஒரே பாட்டுதானா என்று சந்தேகம் வரும்.

கடைசிக் காலம் எப்படி இருந்தது?

தெபோஸ்த்லான் மலைகளைப் பார்த்தபடி இருந்த வீட்டில், பிறகு சக்கர நாற்காலியில். ஆனாலும் ஓயவில்லை. 93 வயதில் 'லா லூனா கிராந்தே' என்ற இசைத்தட்டை வெளியிட்டார். ஸ்பானியக் கவிஞர் ஃபெதெரிக்கோ கார்சியா லோர்காவின் கவிதைகளை வைத்துச் செய்தது. 2012 ஜூலையில் அதற்காகவே மாட்ரிட் போனார். லோர்கா மாணவராகத் தங்கியிருந்த ரெசிதென்சியா விடுதியில்தான் நிகழ்ச்சி. அங்கேயே உடம்பு முடியாமல் மருத்துவமனையில் சேர்த்தார்கள். மெக்சிகோவில்தான் சாவேன் என்று அடம்பிடித்துத் திரும்பினார். குவெர்னவாக்காவில் ஆகஸ்ட் 5 அன்று உயிர் போனது. மறுநாள் உடலைக் கரிபால்தி சதுக்கத்துக்குக் கொண்டுபோனார்கள், மரியாச்சிகள் பாடினார்கள். அதற்கடுத்த நாள் பெய்யாஸ் ஆர்த்தெஸ் மாளிகையில் அரசு மரியாதை. ஹிமேனெஸோடு குடித்துக் கிடந்த சதுக்கமும் நாட்டின் மிகப் பெரிய கலை மாளிகையும் ஒருவருக்கே வாய்ப்பது அரிது.

இப்போது அவர் வழியில் யார் பாடுகிறார்கள்?

லிலா டவுன்ஸைச் சொல்வார்கள். தன் வாரிசு என்று சவேலாவே அவரைக் குறிப்பிட்டதுண்டு. நல்ல பாடகி, ஆனால் அவருடைய குரல் அகலமானது, அலங்காரம் நிறைந்தது. சவேலாவின் சிக்கனம் அதில் இல்லை. ஸ்பெயினின் புய்க்கா 2009இல் கூபப் பியானோ கலைஞர் சூச்சோ வால்தெஸோடு சேர்ந்து சவேலா பாடிய பாட்டுகளை மட்டும் வைத்து ஒரு இசைத்தட்டு செய்தார். சவேலாவின் 90வது பிறந்தநாளுக்கான காணிக்கை. ராஞ்செராவை ஜாஸ் பக்கம் நகர்த்திப் பார்க்கும் துணிச்சல் அதில் இருக்கிறது.

என்னைக் கேட்டால் நேரடித் தொடர்ச்சி கிடார்களில்தான் இருக்கிறது. கடைசி வருடங்களில் சவேலாவோடு வாசித்தவர்கள் ஹுவான் கார்லோஸ் அயெந்தே, மிகேல் பெஞ்யா. 'மகோரினா' பாட்டை வைத்து அந்த இணைக்கு லோஸ் மகோரினோஸ் என்று பெயர். அவர் இறந்தபிறகு நதாலியா லஃபூர்கதே என்ற இளம் பாடகி அவர்களைத் தேடிப்போய்ச் சேர்ந்து பாடினார். 2017இலும் 2018இலும் வந்த 'மூசாஸ்' இசைத்தட்டுகள் இரண்டும் அப்படி வந்தவை. நதாலியாவின் குரல் மென்மையானது, சவேலாவோடு ஒப்பிடவே முடியாது. ஆனால் பாடுகிறவர் மூச்சு வாங்கும்வரை பொறுத்திருந்து அடுத்த தந்தியைத் தொடுகிற அந்தப் பழக்கத்தைக் கேளுங்கள். அது சவேலாவுக்காக அவர்கள் கற்றுக்கொண்டது.

மொழி தெரியாது. எதிலிருந்து ஆரம்பிக்கலாம்?

எல்லாரும் கார்னகி அரங்கப் பதிவைச் சொல்வார்கள். நான் 1961 இசைத்தட்டைத்தான் முதலில் கேட்கச் சொல்வேன். வயதான, உடைந்த குரலை மட்டும் கேட்டவர்கள் அவருக்குப் பாட வராது, உணர்ச்சியை வைத்துச் சமாளித்தார் என்று நினைத்துவிடுகிறார்கள். பழைய பதிவில் குரல் முழுசாக இருக்கிறது. மேலே ஏறுகிறது, நிற்கச் சொன்ன இடத்தில் நிற்கிறது. அதைக் கேட்டபிறகு 'பலோமா நெக்ரா'வின் ஒரு பழைய பதிவு, ஒரு கடைசிக்காலப் பதிவு. அப்புறம் கார்னகி.

வரிகளின் பொருளை முதலில் தேட வேண்டாம். இரண்டு மூன்று தடவை கேட்டுவிட்டுப் பிறகு பார்த்தால் போதும். 'மகோரினா'வை மட்டும் காணொளியாகப் பாருங்கள், கையைப் பார்க்காமல் அந்தப் பாட்டு பாதிதான்.